நியமன வழக்குகளில் காலதாமதத்தை எந்த நாளிலிருந்து கணக்கிடுவது?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரசுப் பணித் தெரிவுகளை எதிர்த்து ஆண்டுகள் பல கழித்துத் தொடரப்படும் வழக்குகளைப் பற்றிப் பேச்சு எழும்போதெல்லாம் இரண்டு கருத்துகள் மோதுகின்றன. பணியில் சேர்ந்து, தகுதிகாண் பருவம் முடித்து, குடும்பம் நடத்திக்கொண்டிருக்கும் ஒருவரைப் பழைய வழக்கொன்றைக் காட்டி வெளியேற்றுவது அநியாயம் என்பது ஒன்று. தவறு தவறுதான், அதை எப்போது சுட்டிக்காட்டினாலும் நீதிமன்றம் கேட்க வேண்டும் என்பது மற்றொன்று. மாவட்ட அலுவலகம் ஒன்றின் சட்டப் பிரிவில் பணியாற்றி, இத்தகைய வழக்குகளுக்குப் பத்திவாரிக் குறிப்புகளும் எதிருரைகளும் (மனுவுக்கு அரசுத் தரப்பு தரும் பதில்கள்) தயாரித்த அனுபவத்தில், இந்த இரண்டு தரப்புமே ஒரு கேள்வியைத் தாண்டிச் சென்றுவிடுகின்றன என்று எனக்குத் தோன்றுகிறது. தாமதம் என்கிறோமே, அதை எந்த நாளிலிருந்து கணக்கிடுகிறோம்?

சட்டத்தின் நிலையை முதலில் சொல்லிவிடுகிறேன். அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யப்படும் நீதிப்பேராணை (ரிட்) மனுவுக்கு 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் நேரடியாகப் பொருந்தாது. இத்தனை நாளுக்குள் வர வேண்டும் என்ற எழுதப்பட்ட கெடு எதுவும் இல்லை. ஆனாலும் நியாயமான காலத்துக்குள் வராதவருக்குத் தன் தனி அதிகாரத்தைப் பயன்படுத்த நீதிமன்றம் மறுக்கலாம். பணிமூப்பு, பதவி உயர்வு வழக்குகளில் இன்றும் எடுத்துக்காட்டப்படும் முன்தீர்ப்புகளில் ஒன்று நம் மாநிலத்திலிருந்து சென்றதே. தமக்கு இளையவர் ஒருவரின் பதவி உயர்வுக்காக 1957-இல் விதி தளர்த்தப்பட்டதை எதிர்த்து 1971-இல் நீதிமன்றம் சென்ற சதாசிவசாமி என்பவரின் வழக்கில், 1974-இல் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், இப்படிப்பட்ட குறை உள்ளவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வந்திருக்க வேண்டும் என்று கூறியது. அது பதவி உயர்வு வழக்குதான் என்றாலும், நேரடி நியமன வழக்குகளிலும் அரசுத் தரப்பு எதிருரையின் முதல் பத்திகளில் அந்தத் தீர்ப்பு தவறாமல் இடம்பிடிக்கும்.

அந்த ஆறு மாதம், ஓராண்டு என்ற அளவு எனக்கு ஏற்புடையதே. ஒரு தெரிவுப் பட்டியலில் இடம்பெற்றவர் வேறு வேலைகளை விட்டுவிட்டு வருகிறார். அவருடைய பணிமூப்பு மற்றவர்களுடைய பணிமூப்போடு பின்னிக்கொள்கிறது. அவர் காலி செய்த பழைய பணியிடத்தில் இன்னொருவர் வந்துவிடுகிறார். ஐந்தாண்டு கழித்து ஒரு பெயரை அந்தப் பட்டியலிலிருந்து உருவினால், கீழே இருக்கும் பெயர்கள் எல்லாம் இடம் மாறும். அதைவிட, தெரிவு செய்யப்பட்டவரைத் தரப்பினராகச் சேர்க்காமலேயே தொடரப்படும் வழக்குகள் உண்டு. அவ்வாறு சேர்க்காமல் அவருக்குப் பாதகமாகத் தீர்ப்பு வழங்கக் கூடாது என்று பிரபோத் வர்மா வழக்கில் 1984-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இருந்தும், தம் பணி நியமனத்தின் மீது ஒரு வழக்கு நிலுவையில் இருக்கிறது என்பதைச் சக ஊழியர் சொல்லித் தெரிந்துகொண்ட இளநிலை உதவியாளர்களை நான் பார்த்திருக்கிறேன்.

ஆகவே காலம் கடந்த வழக்குகளுக்குக் கதவு சாத்தப்பட வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. என் வாதம், அந்தக் கதவு எப்போது திறந்தது என்பதைப் பற்றியது.

தேர்வெழுதிய ஒருவருடைய நிலையில் நின்று பாருங்கள். உத்தேச விடைக்குறிப்பு வெளியாகிறது. ஆட்சேபணை தெரிவிக்க ஒரு வாரம் போல அவகாசம் கிடைக்கிறது. அவர் மூன்று கேள்விகளுக்கு ஆட்சேபணை அனுப்புகிறார். அந்த ஆட்சேபணைகள் வல்லுநர் குழுவுக்குச் சென்றனவா, ஏற்கப்பட்டனவா, எந்தக் காரணத்தால் மறுக்கப்பட்டன என்பது அவருக்குத் தெரியாது. இறுதி விடைக்குறிப்பைத் தெரிவுப் பணி முழுவதும் முடிந்த பிறகே வெளியிடுவது தேர்வாணையங்களின் நெடுநாள் வழக்கம். மத்தியப் பணியாளர் தேர்வாணையமும் குடிமைப் பணி முதல்நிலைத் தேர்வுக்கு இதே முறையைத்தான் நீண்ட காலம் கைக்கொண்டது. இதற்கிடையில் சான்றிதழ் சரிபார்ப்பு நடக்கிறது, கலந்தாய்வு நடக்கிறது, நியமன ஆணை வழங்கப்படுகிறது. அதற்குப் பிறகு ஒருநாள் இறுதி விடைக்குறிப்பு இணையதளத்தில் ஏறுகிறது. தாம் சரியாக எழுதிய விடை தவறெனக் கணக்கிடப்பட்டு, அந்த ஒன்றரை மதிப்பெண்ணில் வாய்ப்பு போனது என்பது அன்றுதான் அவருக்குத் தெரிய வருகிறது. வழக்கு தொடுக்கிறார். நியமனங்கள் முடிந்துவிட்டன, மூன்றாம் தரப்பினரின் உரிமைகள் உருவாகிவிட்டன, மனுதாரர் காலம் கடந்து வந்திருக்கிறார் என்று எதிருரையில் எழுதுகிறோம். எழுதும் கைக்கே சற்றுக் கூசும் வாதம் அது.

விடைக்குறிப்பு மட்டும் என்றில்லை. இனச்சுழற்சியில், அதாவது இடஒதுக்கீட்டுப் பிரிவுகளுக்குப் பணியிடங்களை ஒதுக்கும் வரிசைமுறையில், எந்தப் பணியிடம் எந்தப் பிரிவுக்குச் சென்றது, முந்தைய தெரிவுகளில் நிரப்பப்படாமல் நின்ற பின்னடைவுக் காலிப் பணியிடங்கள் எத்தனை கணக்கில் எடுக்கப்பட்டன, தமிழ்வழியில் பயின்றோருக்கான 20 விழுக்காடு எந்தக் கட்டத்தில் எப்படிப் பயன்படுத்தப்பட்டது, பொதுப்பிரிவு இடங்களில் உயர் மதிப்பெண் பெற்ற இடஒதுக்கீட்டுப் பிரிவினர் முறையாக வைக்கப்பட்டார்களா ஆகியவற்றை வெளியிலிருக்கும் ஒருவர் பட்டியலைப் பார்த்த அளவில் கண்டுபிடித்துவிட முடியாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி மனு செய்தால் 30 நாளில் பதில் வர வேண்டும். பதில் மறுக்கப்பட்டால் முதல் மேல்முறையீடு, அதிலும் பயனில்லை என்றால் தகவல் ஆணையம். அந்த வரிசையில் நின்று வெளியே வருவதற்குள் ஓராண்டு போய்விடும். விடைத்தாளைப் பார்க்கும் உரிமை தேர்வருக்கு உண்டு என்று 2011-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2018-இல் குடிமைப் பணித் தேர்வு சம்பந்தமான வழக்கொன்றில் அதே நீதிமன்றம், மதிப்பெண் விவரங்களையும் விடைத்தாள்களையும் கேட்டவுடன் கொடுத்துவிட ஆணையிட முடியாது என்றது. இந்த இரண்டு தீர்ப்புகளுக்கும் இடையில் உள்ள இடைவெளியில் தேர்வு நடத்தும் அமைப்பு எதை வேண்டுமானாலும் மறைக்க முடிகிறது. மறைத்த காலமும் மனுதாரரின் தாமதக் கணக்கில் ஏறிவிடுகிறது.

தேர்வில் கலந்துகொண்டுவிட்டுத் தோற்ற பிறகு தேர்வு முறையைக் குறைசொல்லக் கூடாது என்ற இன்னொரு தடையும் இதனோடு சேர்ந்து வரும். 1995-இல் மதன்லால் வழக்கிலிருந்து அது வலுவாக நிற்கிறது. நியாயமான கொள்கைதான், நேர்காணலில் தமக்குச் சாதகமாக மதிப்பெண் வந்திருந்தால் வாய் திறந்திருக்க மாட்டார்கள் அல்லவா? ஆனால் தேர்வில் கலந்துகொள்பவர் அறிவிக்கப்பட்ட நடைமுறையைத்தான் ஏற்கிறார், அதனுள் இருக்கும் சட்டமீறலை அல்ல என்று பீகார் மருத்துவர் ஒருவரின் வழக்கில் 2019 டிசம்பரில் உச்ச நீதிமன்றமே விளக்கியிருக்கிறது. மீறல் இருப்பது தெரியாத நிலையில் அதை ஏற்றுக்கொண்டார் என்று எப்படிச் சொல்வது? காலதாமதத்துக்கும் இதே அளவுகோலைப் பொருத்திப் பார்க்க வேண்டும் என்பதே என் கோரிக்கை.

இனி, உண்மையிலேயே தூங்கிவிட்டு வருபவர்களைப் பற்றி. அவர்களுக்கு நம் நடைமுறையில் ஒரு கொல்லைப்புற வழி இருக்கிறது. பழைய குறை ஒன்றைக் குறிப்பிட்டுத் துறைத் தலைவருக்கு ஒரு மனு அனுப்புவார்கள். சில வாரங்கள் பொறுத்து, அந்த மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுமாறு நீதிமன்றத்தை அணுகுவார்கள். பரிசீலிக்கச் சொல்வதில் யாருக்கு என்ன நட்டம் என்று அரசு வழக்கறிஞரும் எதிர்க்க மாட்டார். மனுவின் தகுதிக்குள் செல்லாமல், பன்னிரண்டு வாரத்துக்குள் தக்க ஆணை பிறப்பிக்கவும் என்ற உத்தரவு, மனுவை விசாரணைக்கு ஏற்பதா என்று பார்க்கும் முதல் நிலையிலேயே கிடைத்துவிடும். துறை அதைப் பரிசீலித்து நிராகரித்து ஓர் ஆணை வழங்கும். வழங்காவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு. அந்த நிராகரிப்பு ஆணையின் தேதியை வைத்துப் புதிய வழக்கு வரும்போது, பதினைந்து ஆண்டுப் பழைய விவகாரம் பதினைந்து நாள் விவகாரமாகத் தோற்றமளிக்கும்.

இந்த வழியை அடைத்த தீர்ப்பும் தமிழ்நாட்டு வழக்கிலிருந்து பிறந்ததுதான். புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் 1982-இல் பணி முடிவுக்கு வந்த ஜேக்கப் என்பவர் 2000-இல் மனுக் கொடுத்து, அதைப் பரிசீலிக்கத் தீர்ப்பாயத்திடம் உத்தரவு பெற்று, துறை நிராகரித்ததும் அதை எதிர்த்து வழக்கு தொடுத்தார். 2008-இல் உச்ச நீதிமன்றம், இறந்துபோன கோரிக்கைக்குப் பதில் அனுப்புவதால் அதற்கு உயிர் வந்துவிடாது என்ற கருத்தில் தெளிவாகத் தீர்ப்பளித்தது. 2014-இல் சென்னைப் பெருநகர் குடிநீர் வாரியத்தின் ஊழியர் ஒருவர் பணிநீக்கத்தை எதிர்த்து நான்கு ஆண்டுகள் கழித்து வந்தபோதும், காரணம் சொல்லாத தாமதத்தை உயர் நீதிமன்றம் கண்டுகொள்ளாமல் விட்டது தவறு என்றது. இவ்வளவு இருந்தும், பரிசீலிக்கும் உத்தரவு இன்றும் தினசரி நடைமுறையாக இருக்கிறது. தலைமை நீதிபதி நிலையில் ஒரு நடைமுறைக் குறிப்பு வெளியிட்டு, குறை எழுந்த நாளை மனுவின் முதல் பத்தியில் குறிப்பிடாத எந்த மனுவிலும் இப்படி உத்தரவு வழங்குவதில்லை என்று முடிவெடுத்தாலே பழைய கோப்புகளில் பாதி மூடப்படும் என்பது என் மதிப்பீடு.

மதில்மேல் பூனையாக இருப்பவர்களும் உண்டு. ஒருவர் செலவு செய்து, அலைந்து, ஏழாண்டு வழக்காடி வெற்றி பெறுவார். மறுநாளே அவரைப்போல் நாங்களும் என்று நூறு பேர் மனுப்போடுவார்கள். உத்தரப் பிரதேச அரசுக்கும் அரவிந்த் குமார் ஸ்ரீவஸ்தவாவுக்கும் இடையிலான வழக்கில் 2014-இல் இதற்கு ஒரு வரையறை வந்தது: தீர்ப்பு எல்லோருக்கும் பொதுவான ஒரு விதியைப் பற்றியது என்றால் அனைவருக்கும் அதன் பயன் உண்டு, ஒருவரின் தனிக் குறையைத் தீர்த்தது என்றால், அதுவரை சும்மா இருந்தவருக்கு இல்லை. ஓய்வூதியம், ஊதிய நிர்ணயம் போன்று மாதந்தோறும் தொடரும் குறைகளுக்கு வேறு கணக்கு. நியமனம் அப்படித் தொடரும் குறை அல்ல. ஒரே நாளில் நிகழ்ந்து முடிவது.

மனுதாரர், தேர்வு நடத்தும் அமைப்பு ஆகிய இருவரோடு, தாமதத்தின் மூன்றாவது பங்காளியையும் சொல்லாமல் விட்டால் கடிதம் நேர்மையாக இராது. அது நீதிமன்றம். தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் 2000-2001 தொகுதி-1 தெரிவு இந்த மாநிலத்தில் பலருக்கும் நினைவிருக்கும். 91 பணியிடங்களில் 83 பேரின் தெரிவு செல்லாது என்று 2011 மார்ச் மாதம் சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. விடைத்தாளில் வண்ணப் பென்சில் பயன்படுத்தியது போன்ற விதிமீறல்கள் அதற்குக் காரணமாயின. அந்தத் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது 2014 ஜூன் மாதத்தில். மறுஆய்வு மனுக்கள் அதன் பிறகும் வந்தன. கோட்டாட்சியராகவும் காவல் துணைக் கண்காணிப்பாளராகவும் பொறுப்பேற்றவர்களின் நியமனம் பற்றிய கேள்வி, அறிவிக்கை வந்து பதினான்கு ஆண்டுகள் கழித்தும் உயிரோடு இருந்தது என்றால், இதில் ஒரு மனுதாரரின் சோம்பலைத் தேடுவதில் பொருளில்லை. உத்தரப் பிரதேசத்தில் 2009-இல் அறிவிக்கப்பட்ட ஆசிரியர் தெரிவின் விடைக்குறிப்பு வழக்கு 2017 டிசம்பரில்தான் உச்ச நீதிமன்றத்தில் முடிவுக்கு வந்தது. காத்திருந்தவர்களுக்கு இதற்கிடையில் வயது வரம்பு கடந்திருக்கும், பாடத்திட்டம்கூட மாறியிருக்கும்.

இவ்வளவு காலம் கடந்த பின் நீதிமன்றம் என்ன செய்யும் என்பதற்கு, பீகாரில் இளநிலைப் பொறியாளர் தெரிவு பற்றிய ராஜேஷ் குமார் வழக்கில் 2013-இல் வந்த தீர்ப்பு நல்ல எடுத்துக்காட்டு. விடைக்குறிப்பு தவறானது என்பது உறுதியானது; திருத்தப்பட்ட குறிப்பின்படி அனைவருடைய தாள்களையும் மறுமதிப்பீடு செய்ய உத்தரவாயிற்று. ஆனால் ஏறத்தாழ ஏழாண்டு பணியாற்றிவிட்டவர்களை, தவறு அவர்களுடையது அல்ல என்பதால், வெளியேற்ற வேண்டாம். அவர்கள் பட்டியலின் கடைசியில் வைக்கப்படட்டும் என்றது நீதிமன்றம். மனிதத்தன்மையுள்ள தீர்வு என்று பாராட்டலாம். ஆயினும், தேர்வு அமைப்பின் பிழைக்குரிய சம்பளச் செலவை மக்கள் வரிப்பணமே சுமந்தது என்பதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். அதே திருத்தம் நியமன ஆணைக்கு முன்பு நடந்திருந்தால் செலவு ஒரு மறுமதிப்பீட்டோடு முடிந்திருக்கும்.

மோசடி நடந்த தெரிவுகள் இந்தக் கணக்குக்குள் வரமாட்டா. 2019 செப்டம்பரில் நடந்த தொகுதி-4 தேர்வில் இராமேசுவரம், கீழக்கரை மையங்களில் மறையும் மையால் விடையளித்து மாற்றிய முறைகேடு 2020 ஜனவரியில் வெளிப்பட்டு, 99 தேர்வர்களுக்கு வாழ்நாள் தடை விதிக்கப்பட்டது. நம் மாநிலத்தில் அது விரைவாகவே வெளியே வந்தது. மேற்கு வங்கத்தில் 2016-ஆம் ஆண்டுத் தெரிவின் மூலம் பணியில் சேர்ந்த ஆசிரியர்களும் ஊழியர்களுமாக 25,753 பேரின் நியமனங்களைக் கல்கத்தா உயர் நீதிமன்றம் 2024 ஏப்ரலில் ரத்து செய்து, உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரல் 3 அன்று அதை உறுதிசெய்தபோது, நேர்மையாகத் தேர்ச்சி பெற்றவர்களும் சேர்ந்து வேலை இழந்தார்கள். யார் நேர்மையாக வந்தவர், யார் பணம் கொடுத்து வந்தவர் என்று பிரித்துப் பார்க்க அசல் விடைத்தாள்கள் இல்லை. ஆவணங்களை உரிய காலம் வரை பாதுகாத்து, உரிய நேரத்தில் வெளியிட்டிருந்தால், அந்த நேர்மையானவர்களுக்குத் தங்களைக் காப்பாற்றிக்கொள்ள ஒரு தாளாவது கையில் இருந்திருக்கும். வெளிப்படைத்தன்மை தோற்றவருக்காக மட்டும் கேட்கப்படுவது என்று நினைப்பவர்கள் இதை எண்ணிப் பார்க்கட்டும்.

எனவே நான் முன்வைப்பது இதுதான். இறுதித் தெரிவுப் பட்டியலோடு சேர்த்து, ஒரே நாளில், முதன்மைத் தேர்வெழுதிய அனைவரின் மதிப்பெண்கள், பிரிவுவாரிக் கடைசி மதிப்பெண், இனச்சுழற்சி வரிசைப்படி இடங்கள் நிரப்பப்பட்ட விதம், ஆட்சேபணைகளுக்கான வல்லுநர் குழுவின் காரணங்களோடு கூடிய இறுதி விடைக்குறிப்பு ஆகிய அனைத்தையும் தேர்வாணையமும் ஆசிரியர் தேர்வு வாரியமும் சீருடைப் பணியாளர் தேர்வுக் குழுமமும் வெளியிட வேண்டும். அந்த நாளுக்கும் முதல் நியமன ஆணைக்கும் இடையில் குறைந்தது முப்பது நாள் இடைவெளி இருக்க வேண்டும். வழக்குத் தொடர விரும்புவோருக்கான காலம் அந்த நாளில் தொடங்கட்டும். தொண்ணூறு நாளைத் தாண்டி வருபவர் தம் தாமதத்துக்கு ஏற்கத்தக்க காரணம் காட்டட்டும். வெளியிட வேண்டிய விவரத்தை அமைப்பு வெளியிடாமல் வைத்திருந்தால், அது வெளியாகும் வரை காலக்கணக்கு ஓடக் கூடாது. காலதாமதம் என்ற எதிர்வாதத்தை எழுப்பும் உரிமையையும் அந்த அமைப்பு இழக்க வேண்டும்.

இதைச் சட்டமாக்கி உயர் நீதிமன்றத்தின் அதிகாரத்துக்கு வேலி போட முடியாது என்பதை அறிவேன். சந்திரகுமார் வழக்கில் 1997-இல் ஏழு நீதிபதிகள் அமர்வு அந்த அதிகாரம் அரசமைப்பின் அடிப்படைக் கூறு என்று சொல்லியிருக்கிறது. ஆனால் முன்மாதிரி இல்லாத யோசனையும் அல்ல இது. 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் 21-ஆவது பிரிவு, இறுதி ஆணையிலிருந்து ஓராண்டு என்றும், மேல்முறையீடு செய்து ஆறு மாதம் பதில் வராவிட்டால் அதிலிருந்து ஓராண்டு என்றும் கெடு வகுத்திருக்கிறது. மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இங்கு இருந்தவரை அரசுப் பணி சார்ந்த வழக்குகளுக்கு அந்தக் கெடு பொருந்தியது. தீர்ப்பாயம் கலைக்கப்பட்டு வழக்குகள் உயர் நீதிமன்றம் திரும்பியபோது கெடுவும் அதோடு போயிற்று. மத்திய அரசுப் பணிகளுக்கு இன்றும் அது நடைமுறையில் இருக்கிறது.

தொண்ணூறு நாள் என்பது சென்னையிலும் மதுரையிலும் இருப்பவர்களுக்குச் சரி, கல்வராயன் மலையிலிருந்து வந்து தேர்வெழுதும் பெண்ணுக்குப் போதுமா என்று கேட்கலாம். வழக்கறிஞர் கட்டணம்தான் அவருக்குத் தடை என்றால், 1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டப்படி பெண்களுக்கும், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. உயர் நீதிமன்றத்திலும் மதுரைக் கிளையிலும் அதற்கான குழுக்கள் இருக்கின்றன. தேர்வு முடிவு அறிவிப்பின் அடியில் இந்த ஒரு வரியை அச்சிட எந்த அரசாணையும் தேவையில்லை. இன்று அந்த இடத்தை நிரப்புகிறவர்கள், வாட்ஸ்அப் குழு அமைத்து ஆளுக்கு இவ்வளவு என்று வசூலித்து, வழக்கில் சேர்ந்தால் வேலை நிச்சயம் என்று ஆசைகாட்டும் இடைத்தரகர்கள்.

நியமன வழக்குகளுக்கென்று தனிப் பட்டியலும் ஆறு மாத இலக்கும் உயர் நீதிமன்றம் வைத்துக்கொண்டால் மூன்றாவது பங்காளியின் பங்கும் குறையும். அது நீதிமன்ற நிர்வாகத்தின் முடிவு. ஆனால் விவரங்களை ஒரே நாளில் வெளியிடும் முடிவைத் தேர்வாணையம் தன் அடுத்த அறிவிக்கையிலேயே ஒரு பத்தியாகச் சேர்த்துவிடலாம். ஆண்டுத் திட்ட நிரலை வெளியிட்டு, முடிவு வரும் மாதத்தை முன்கூட்டியே அறிவிக்கும் அளவுக்கு முன்னேறியிருக்கும் ஓர் அமைப்புக்கு இது கடினமான காரியம் அல்ல. இது குறித்துத் தேர்வாணையத்தின் விளக்கத்தைத் தங்கள் செய்தியாளர் மூலம் பெற்று வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

தங்கள் உண்மையுள்ள,
ஓய்வுபெற்ற அரசு அலுவலர்,
திருச்சிராப்பள்ளி